ஆஸ்திரேலியாவுக்குப் போன புள்ளிமானும் அங்கேயே பிறந்த பில்பியும்

ஆஸ்திரேலியாவில் ஹெலிகாப்டரிலிருந்து புள்ளிமான்களைச் சுடும் காணொளியைப் பார்த்துவிட்டு, "இந்த மான் அங்கே எப்படிப் போனது? கங்காரு, கோலா தவிர மற்றதெல்லாம் வெளியிலிருந்து போனவையா? வெளியிலிருந்து வந்தது என்பதற்காகக் கொல்வது நியாயமா?" என்று கேட்டிருக்கிறீர்கள். மூன்றுக்கும் சேர்த்தே பதில் சொல்கிறேன், ஏனென்றால் மூன்றாவது கேள்விக்கான பதில் முதல் இரண்டுக்குள்தான் இருக்கிறது. கொஞ்சம் நீளமாகப் போகும்.

காணொளியில் இருப்பது புள்ளிமான்தான், நம் காடுகளில் திரியும் அதே இனம். 1886-ல் வடக்குக் குயின்ஸ்லாந்தில் சார்ட்டர்ஸ் டவர்ஸ் பக்கத்தில் மேரிவேல் என்ற மாட்டுப்பண்ணையில் ஒரு சில மான்களை விட்டார்கள், இன்று அந்த வட்டாரத்தில் கூட்டம் கூட்டமாக இருப்பவை அவற்றின் வழிவந்தவை. இன்னும் கேளுங்கள். நாம் மிளா என்றும் கடமான் என்றும் சொல்லும் பெரிய மான் 1860-களில் விக்டோரியாவுக்குப் போய், இப்போது அந்த மாநிலத்தின் கிழக்கு மலைக்காடு முழுக்கப் பரவியிருக்கிறது. மைனாவை 1862-ல் மெல்போர்னில் விட்டார்கள், பயிரைத் தின்னும் பூச்சிகளைப் பிடிக்கும் என்று. அந்தக் காலத்தில் இதற்கென்றே சங்கம் வைத்திருந்தார்கள். வெளிநாட்டு உயிரினங்களைக் கொண்டுவந்து புதிய மண்ணில் பழக்குவதுதான் அதன் வேலை, விக்டோரியாவில் அது 1861-ல் தொடங்கியது. குடியேறிய ஆங்கிலேயர்களுக்கு அந்த நிலம் வெறுமையாகத் தெரிந்தது. வேட்டைக்கு மான் இல்லை, நரி இல்லை, காலையில் பாட ஊர்க்குருவி இல்லை. எல்லாவற்றையும் கப்பலேற்றினார்கள்.

ஆனால் அந்த நிலம் வெறுமையாக இருக்கவில்லை. அண்டார்டிகாவிலிருந்து முழுதாகப் பிரிந்து சுமார் மூன்றரைக் கோடி ஆண்டுகள் தனித்தே மிதந்த கண்டம் அது. வயிற்றுப்பையில் குட்டியை வளர்க்கும் விலங்குகள் அங்கே எல்லா வேலைகளையும் பிரித்து எடுத்துக்கொண்டன. புல் மேய ஒன்று, மரமேற ஒன்று, கறையான் தின்ன ஒன்று, மண்ணுக்குள் வளை தோண்ட ஒன்று, வேட்டையாட ஒன்று. முட்டையிட்டுப் பால் கொடுக்கும் பிளாட்டிபஸும் முள்ளெலி போன்ற எக்கிட்னாவும் தனி. வௌவால்கள் பறந்து வந்தன. இங்கே பலருக்குத் தெரியாத ஒன்று, எலிகளும் அந்த மண்ணுக்கு உரியவைதான். பல லட்சம் ஆண்டுகளுக்கு முன்பே நியூகினி பக்கமிருந்து தீவு தீவாகத் தாவி வந்து, அங்கேயே கிளைத்து, அறுபது இனத்துக்கு அருகே ஆகிவிட்டன. பாலைவனத்தில் பின்னங்காலால் குதித்துப் போகும் எலி உண்டு, ஆற்றில் நீந்தி நண்டும் மீனும் பிடிக்கும் ரகாலி என்ற நீரெலி உண்டு. வந்தவைதான், ஆனால் அவற்றை வெளியூர் என்று யாரும் சொல்வதில்லை. இதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் வேண்டியிருக்கும்.

"ஆஸ்திரேலிய விலங்கு" என்ற சொல்லே ஒரு வகையில் தவறாக வழிநடத்துகிறது. இந்தியாவைப் போல இரண்டு மடங்குக்கும் மேல் பெரிய நிலம், சுமார் 77 லட்சம் சதுர கி.மீ. வடகிழக்கில் மழைக்காடு, அங்கே காசோவரி என்ற பறக்காத பெரிய பறவையும் மரமேறும் கங்காருவும். நடுவில் செம்மணல் பாலை, அங்கே முயல் காது கொண்ட பில்பி என்ற சின்னப் பை விலங்கு. தென்மேற்கு மூலையில் பகலில் கறையான் தேடும் நம்பாட். தென்கிழக்கில் பனி விழும் மலைகள், அங்கே உள்ளங்கையில் அடங்கும், போசம் என்ற மரமேறும் பை விலங்கு வகையில் ஒரு குட்டி இனம், எடை 45 கிராம்தான் இருக்கும், பனிக்கடியில் மாதக்கணக்கில் உறங்கிக் குளிர்காலத்தைக் கழிக்கும். அழிந்துபோன இனம் என்று எலும்பை வைத்து நினைத்திருந்தார்கள், 1966-ல் ஹாத்தம் மலையில் பனிச்சறுக்கு விடுதி ஒன்றில் உயிரோடு அகப்பட்டது! வசந்தத்தில் அது தின்பது பெரும்பாலும் போகாங் என்ற அந்துப்பூச்சி. அந்தப் பூச்சியோ தெற்குக் குயின்ஸ்லாந்து, நியூ சவுத் வேல்ஸ் சமவெளிகளில் பிறந்து நூற்றுக்கணக்கான கிலோமீட்டர் பறந்து வெயிலுக்கு மலையேறும். சமவெளியில் வறட்சி வந்தால் மலையில் போசத்துக்குப் பட்டினி. நம் முன்னோர் குறிஞ்சி, முல்லை என்று நிலத்தைப் பிரித்து ஒவ்வொன்றுக்கும் விலங்கையும் பறவையையும் மரத்தையும் கருப்பொருளாகச் சேர்த்துச் சொன்னார்களே, அந்தக் கண்ணோடு பார்த்தால்தான் இது விளங்கும். ஒரு விலங்கு எந்த நாட்டைச் சேர்ந்தது என்று கேட்பதைவிட எந்தத் திணையைச் சேர்ந்தது, யாரோடு சேர்ந்து வளர்ந்தது என்று கேட்க வேண்டும்.

அப்படிக் கேட்காததால் நடந்ததைப் பாருங்கள். கோலாவைக் காப்பாற்றுகிறோம் என்று 1920-களில் தெற்கே கங்காரு தீவில் கொண்டுபோய் விட்டார்கள். அந்தத் தீவில் அதற்கு முன் கோலாவே கிடையாது. பெருகிப் பெருகி, தின்ற யூகலிப்டஸ் மரங்களே பட்டுப்போகும் அளவுக்கு ஆகி, கடைசியில் பிடித்துக் கருத்தடை செய்ய வேண்டி வந்தது. தெற்கே டாஸ்மேனியா தீவில் சுகர் கிளைடர் என்ற, காற்றில் சறுக்கிப் போகும் அழகான சின்ன விலங்கு இருக்கிறது. 19-ம் நூற்றாண்டில் மெயின்லேண்டிலிருந்து, அதாவது ஆஸ்திரேலியப் பெருநிலத்திலிருந்து, மனிதர் கொண்டுபோனது. டாஸ்மேனியாவில் மட்டும் கூடு கட்டும் ஸ்விஃப்ட் கிளியை, கூட்டில் அடைகாக்கும்போதே பிடித்துத் தின்கிறது. அந்தக் கிளி அழிவின் விளிம்பில் இருக்கிறது. இரண்டுமே ஆஸ்திரேலிய விலங்குகள்தானே! பாஸ்போர்ட் ஒன்றுதான், திணை வேறு. இன்னும் ஒன்று சொல்கிறேன், நாய்சி மைனர் என்றொரு தேன்குடிப் பறவை, பெயரைக் கேட்டு மைனா என்று நினைக்காதீர்கள், அந்த மண்ணிலேயே பிறந்தது, தன் சொந்த இடத்திலேயே இருப்பது. காட்டை வெட்டி வெட்டித் துண்டாக்கியபின் அதற்குக் கொண்டாட்டம், சின்னப் பறவைகளைக் கூட்டமாகச் சேர்ந்து விரட்டியடிக்கிறது. நகரத்து மைனாவை எல்லோரும் திட்டுகிறார்கள், என் கணக்கில் காட்டுப் பறவைகளுக்கு இந்த உள்ளூர்க்காரர் செய்யும் கெடுதல்தான் பெரிது.

சரி, இப்போது உண்மையான பேரழிவுக்கு வருவோம். 1788-ல் முதல் ஆங்கிலேயக் கப்பல்கள் வந்ததிலிருந்து இதுவரை அந்தக் கண்டம் முப்பதுக்கும் மேற்பட்ட பாலூட்டி இனங்களை முற்றாக இழந்திருக்கிறது, உலகில் வேறெந்த நாட்டிலும் இந்தக் காலத்தில் இவ்வளவு பாலூட்டிகள் அழியவில்லை. காட்டை அழித்தது, ஆடு மாடு மேய்த்தது, தீயின் ஒழுங்கு மாறியது எல்லாம் காரணம்தான். ஆனால் அழிந்தவற்றின் பட்டியலைப் பார்த்தால் பெரிய கங்காருக்கள் இல்லை, மிகச் சிறிய பூச்சிதின்னிகளும் குறைவு. 35 கிராமுக்கும் ஐந்தரை கிலோவுக்கும் இடைப்பட்டவைதான் வரிசையாகப் போயிருக்கின்றன. பூனையும் நரியும் ஒரு வாயில் பிடித்துக் கொல்லத் தோதான அளவு அது. பூனை முதல் கப்பல்களோடே வந்தது, இன்று நாட்டின் 99 சதவீதத்துக்கு மேற்பட்ட நிலத்தில் இருக்கிறது. செந்நரியைக் குதிரையேறி வேட்டையாடும் விளையாட்டுக்காகவே கொண்டுவந்தார்கள், 1870-களில் விக்டோரியாவில் நிலைத்து, வெப்பமான வடக்கையும் டாஸ்மேனியாவையும் விட்டு மற்ற எல்லா இடத்துக்கும் போய்விட்டது. காட்டில் திரியும் பூனைகள் மட்டும் ஆண்டுக்கு 100 கோடிக்கு மேற்பட்ட அந்நாட்டு விலங்குகளைக் கொல்கின்றன என்று மதிப்பிட்டிருக்கிறார்கள்.

பூனையும் நரியும் ஐரோப்பாவில், ஆசியாவில் எல்லாம் இருக்கின்றனவே, அங்கே ஏன் இப்படி ஆகவில்லை? இதுதான் முக்கியமான இடம். அங்குள்ள எலிக்கும் முயலுக்கும் பூனை, நரி வாசனை அடித்தால் என்ன செய்ய வேண்டும் என்று தெரியும். தெரியாதவை ஆயிரக்கணக்கான தலைமுறைகளுக்கு முன்பே செத்துத் தீர்ந்துவிட்டன, இருப்பவை தெரிந்தவற்றின் பிள்ளைகள். பில்பிக்கும், பண்டிகூட் என்ற நீள மூக்குச் சின்னப் பை விலங்குக்கும் (நம் பெருச்சாளி இல்லை) அந்த வாசனை ஒரு வாசனை, அவ்வளவுதான். சிட்னியின் வீட்டுத் தோட்டங்களில் இரவில் புழு தேடி வரும் பண்டிகூட்டுகளை வைத்து ஒரு ஆய்வு நடந்தது. நாய் வளர்க்கும் வீட்டுத் தோட்டத்துக்கு அவை குறைவாகவே வந்தன. பூனை வளர்க்கும் வீட்டுக்கோ எந்தத் தயக்கமும் இல்லாமல் வந்தன. நாய்க்கும் பூனைக்கும் என்ன வித்தியாசம்? பூனையோடு 200 ஆண்டுப் பழக்கம். நாயோடு, அதாவது டிங்கோவோடு, 3,000 ஆண்டுகளுக்கு மேல்.

அந்த டிங்கோவை எந்தப் பக்கம் வைப்பது என்பது அங்கே ஓயாத சண்டை. மனிதரோடு படகில் வந்த ஆசிய நாய் அது, சந்தேகமில்லை. கிடைத்த எலும்புகளில் பழையவை சுமார் 3,000 முதல் 3,500 ஆண்டுகள் பழமையானவை. கிட்டத்தட்ட அதே காலத்தில்தான் மெயின்லேண்டில் டாஸ்மேனியப் புலியும் (பெயர்தான் புலி, முதுகில் வரி போட்ட பை விலங்கு) டாஸ்மேனியன் டெவில் என்ற இன்னொரு ஊனுண்ணிப் பை விலங்கும் மறைந்தன. கடல் மட்டம் ஏறி முன்பே தனித் தீவாகிவிட்ட டாஸ்மேனியாவுக்கு டிங்கோ போகவே இல்லை, இரண்டும் அங்கே மட்டும் மிஞ்சின. (பிறகு அந்தப் புலியைத் துப்பாக்கியும் தலைக்கு விலை வைத்த அரசும் தீர்த்துக்கட்டின. கடைசிப் புலி 1936 செப்டம்பர் 7 அன்று ஹோபார்ட் மிருகக்காட்சிசாலையில் செத்தது.) இன்று டிங்கோ ஒரு தேசியப் பூங்காவுக்குள் பாதுகாக்கப்பட்ட விலங்கு, வேலியைத் தாண்டி ஆட்டுப்பண்ணைக்குள் கால் வைத்தால் காட்டுநாய், சுடலாம். ஆடுகளைக் காக்க 5,600 கி.மீ. நீளத்துக்கு ஒரு வேலி போட்டிருக்கிறார்கள். என் கருத்தைக் கேட்டால் மெயின்லேண்டில் டிங்கோ உள்ளூர் விலங்குதான். வந்த புதிதில் அது செய்த கேடு உண்மை, ஆனால் அந்தக் கணக்கு முடிந்துவிட்டது. மிஞ்சியவை அதை அறிந்துகொண்டன, கங்காரு பெருகாமல் பார்த்துக்கொள்வதும் பல இடங்களில் நரியை அடக்கி வைப்பதும் இப்போது அதன் வேலை. முன்னே சொன்ன எலிகளைப் போலத்தான் இதுவும், வந்த தேதி பிந்தியது, அவ்வளவே.

தேரை கதையைச் சொல்லாமல் விட முடியாது. குயின்ஸ்லாந்துக்காரர்களுக்கு அதற்கு முன்பு ஒரு வெற்றி கிடைத்திருந்தது. அமெரிக்கக் கண்டத்திலிருந்து வந்த சப்பாத்திக்கள்ளி லட்சக்கணக்கான ஏக்கர் நிலத்தை மூடி விவசாயிகள் ஊரைக் காலி செய்த நேரத்தில், 1925-ல் அர்ஜென்டினாவிலிருந்து ஒரு அந்துப்பூச்சியைக் கொண்டுவந்து, வேறு எதையாவது தின்கிறதா என்று சோதித்து, பிறகு விட்டார்கள். சில ஆண்டுகளில் கள்ளி சரிந்தது. பூனார்கா என்ற ஊரில் அந்தப் பூச்சியின் பெயரில் ஒரு மண்டபமே கட்டியிருக்கிறார்கள்! அதே நம்பிக்கையில் 1935-ல் கரும்பு வண்டுக்காக ஹவாயிலிருந்து 102 தேரைகளைக் கொண்டுவந்து கெய்ர்ன்ஸ் பக்கத்தில் கோர்டன்வேலில் பெருக்கி விட்டார்கள், இந்த முறை அந்தச் சோதனை இல்லை. வண்டு கரும்பின் உச்சியில், அதன் புழு மண்ணுக்கடியில், தேரையோ தரையில். கரும்புக்கு ஒரு பயனும் இல்லை. ஆஸ்திரேலியாவில் தவளை இனங்கள் ஏராளம், ஆனால் தேரை என்ற குடும்பமே இருந்ததில்லை, அதனால் தேரையின் நஞ்சை எதிர்கொள்ள அங்குள்ள உடும்புக்கும் பாம்புக்கும் குவோல் என்ற புள்ளி போட்ட வேட்டை விலங்குக்கும் உடம்பில் ஒன்றுமில்லை. தவளை என்று நினைத்துக் கவ்வின, செத்தன. 2001-ல் தேரை வடக்கே காக்கடு தேசியப் பூங்காவை எட்டியது, 2009-ல் மேற்கு ஆஸ்திரேலிய எல்லையைத் தாண்டியது. முன்வரிசையில் போகும் தேரைகளுக்குக் கால் நீளமாகியிருக்கிறது, வேகமும் கூடியிருக்கிறது.

கீல்பேக் என்ற நீர்ப்பாம்பு மட்டும் தேரைக் குஞ்சைத் தின்றுவிட்டு நன்றாக இருக்கிறது. அதன் மூதாதையர் ஆசியாவிலிருந்து வந்தவர்கள், அங்கே தேரைகள் உண்டு, பழைய பழக்கம் உடம்பில் நிற்கிறது. அப்புறம் நம் நீரெலி ரகாலி. மேற்கு ஆஸ்திரேலியாவின் வடக்கே கிம்பர்லி பகுதிக்குத் தேரை வந்து சில ஆண்டுகளிலேயே, பெரிய தேரையாகப் பிடித்து, மார்பைத் திறந்து, நஞ்சு அதிகமுள்ள தோலையும் பித்தப்பையையும் தொடாமல் இதயத்தையும் ஈரலையும் மட்டும் எடுத்துத் தின்னக் கற்றுக்கொண்டிருக்கிறது. யாரும் சொல்லித்தரவில்லை. மற்றவற்றுக்கு மனிதர் சொல்லித்தர முயல்கிறார்கள். குமட்டல் மருந்து கலந்த தேரைக் கறியைக் குவோல்களுக்குக் கொடுக்கிறார்கள், உடும்புகளுக்கு முன்னால், வயிறு கலங்கும் ஆனால் உயிர் போகாது என்ற அளவில் குட்டித் தேரைகளை விடுகிறார்கள். ஒரு முறை பட்ட பிறகு பெரிய தேரையைக் கண்டால் விலகிப் போகின்றன.

முயல் கதை பலருக்குத் தெரியும் என்பதால் சுருக்கமாகச் சொல்கிறேன். 1859-ல் விக்டோரியாவில் தாமஸ் ஆஸ்டின் என்ற நிலக்கிழார் வேட்டைக்காக வரவழைத்த 24 முயல்கள், 1950-க்குள் 60 கோடி. மேற்கு ஆஸ்திரேலியாவில் 1,800 கி.மீ.க்கு மேல் வேலி போட்டார்கள், முடிப்பதற்குள் முயல் மறுபக்கம் போய்விட்டது. 1950-ல் மிக்சோமா வைரஸை விட்டபோது முதலில் நூற்றுக்குத் தொண்ணூற்றொன்பது செத்தன, பிறகு வைரஸ் மெலிந்தது, முயல் தேறியது. பில்பியின் புல்லையும் வளையையும் பறித்தது மட்டுமில்லை, பூனைக்கும் நரிக்கும் ஆண்டு முழுக்கச் சோறு போட்டு அவற்றின் எண்ணிக்கையை ஏற்றிவிட்டதும் முயல்தான். ஒன்றைத் தொட்டால் மற்றொன்று அசையும். தெற்கே நடுக்கடலில் இருக்கும் மக்குவாரி தீவில் கடற்பறவைகளைக் காக்கப் பூனைகளை 2000-க்குள் முற்றாக ஒழித்தார்கள். முயல் பெருகித் தீவின் செடிகொடிகளை மொட்டையடித்தது. மறுபடி முயல், எலி, சுண்டெலி மூன்றையும் சேர்த்து ஒழித்து 2014-ல்தான் நிம்மதி கிடைத்தது.

இப்போது உங்கள் நியாயக் கேள்வி. புள்ளிமான் மேல் எந்தத் தப்பும் இல்லை. நம் காட்டில் அது குளம்போடு திரிவதற்குப் புலியும் சிறுத்தையும் செந்நாயும் ஈடு கொடுக்கின்றன, புல்லும் அந்த மிதிக்குப் பழகியது. சார்ட்டர்ஸ் டவர்ஸில் அதைத் தொடர ஆளில்லை, அங்கே மென்மையான பாதம் கொண்டவைதான் மேய்ந்துவந்தன, ஆற்றோர மண் குளம்பைக் கண்டதில்லை. வறட்சியில் எண்ணிக்கை சரியும், மழையில் ஏறும், ஒவ்வொரு ஏற்றத்திலும் கூட்டம் கொஞ்சம் தள்ளிப் பரவும். ஒட்டகமும் அப்படித்தான். 19-ம் நூற்றாண்டில் கராச்சி, பெஷாவர், ராஜஸ்தான் பக்கமிருந்து ஆயிரக்கணக்கில் போய், கூடவே போன ஒட்டகக்காரர்களின் உழைப்பில் நடுப்பாலையில் தந்திக்கம்பமும் தண்டவாளமும் போட உதவி, 1920-களில் லாரி வந்ததும் அவிழ்த்துவிடப்பட்டது. பிறகு பழங்குடிகளின் புனிதமான நீர்ச்சுனைகளைக் குடித்து வற்றவைத்து, உள்ளே விழுந்து செத்து நாறவைக்கும் நிலை வந்தபோது, 2009 முதல் 2013 வரை சுமார் 1,60,000 ஒட்டகங்களை அகற்றினார்கள். எனக்கும் அந்தக் காட்சிகள் கஷ்டமாகத்தான் இருந்தன. ஆனால் சுடாமல் விட்டால் யாரும் சாகவில்லை என்று ஆகாது, அந்தச் சாவு நம் காணொளியில் வராது, அவ்வளவுதான். பூனை வாயில் ஒரு பண்டிகூட் சாவதை யாரும் படம் எடுப்பதில்லை.

அதற்காக வந்ததையெல்லாம் கொல் என்றும் நான் சொல்ல மாட்டேன். வடக்குக் கோடியில் கோபர்க் தீபகற்பத்தில் 1849-ல் ஆங்கிலேயர் கைவிட்டுப் போன 20 பான்டெங் மாடுகளின் சந்ததி பல ஆயிரமாக இருக்கிறது. தென்கிழக்கு ஆசியக் காடுகளில் அந்த மாடு அழிந்துகொண்டிருக்கிறது, மிஞ்சிய கூட்டங்களில் பெரியது இதுதான், இதைச் சுட்டுத் தீர்ப்பது சரியென்று எனக்குத் தோன்றவில்லை. இன்னொன்று சாணவண்டு. ஆஸ்திரேலியாவின் சொந்தச் சாணவண்டுகள் கங்காருவின் உலர்ந்த புழுக்கைக்குப் பழகியவை, மாட்டுச் சாணத்தை என்ன செய்வதென்று தெரியாமல் விட்டுவிட்டன, மேய்ச்சல் நிலமெல்லாம் சாணமும் ஈயுமாக ஆனது. ஜார்ஜ் போர்னெமிஸ்ஸா என்ற ஹங்கேரிய அறிஞர் இதைக் கவனித்துச் சொல்ல, 1960-களின் கடைசியிலிருந்து 43 வகை வண்டுகளைச் சோதித்துக் கொண்டுவந்தார்கள், 23 வகை நிலைத்தன, அவை இன்றும் சாணத்தைப் புதைத்து மண்ணை வளமாக்கிக்கொண்டிருக்கின்றன.

மிஞ்சியிருப்பவற்றைக் காக்க என்ன செய்கிறார்கள் என்று பார்த்தால், தென்மேற்கில் ஓர் அதிசயமான வசதி இருக்கிறது. அங்கே வளரும் காஸ்ட்ரோலோபியம் என்ற செடிகளில் இயற்கையாகவே ஒரு கொடிய நஞ்சு உண்டு. அதோடு சேர்ந்தே வளர்ந்த அந்த மூலை விலங்குகள் அதைப் பெருமளவு தாங்கும், நரியும் பூனையும் தாங்காது. அதே நஞ்சை இறைச்சியில் வைத்து நரியைக் குறைத்ததால் பல இடங்களில் நம்பாட்டுகள் தப்பின. மேற்கே டர்க் ஹார்டாக் தீவில், சுமார் 630 சதுர கி.மீ. பரப்பு, கடைசிப் பூனை வரை அகற்றி 2018-ல் அறிவித்தார்கள், காணாமல் போன சிறு விலங்குகளை ஒவ்வொன்றாகத் திரும்பக் கொண்டுபோய் விடுகிறார்கள். மேற்குப் பாலையில் கிவிர்குரா என்ற ஊரில் பழங்குடி வேட்டைக்காரர்கள் தடம் பார்த்துப் பூனை பிடிக்கிறார்கள், அங்கே பில்பி இன்னும் இருக்கிறது.

எல்லாவற்றிலும் எனக்கு மிகவும் பிடித்தது தெற்கு ஆஸ்திரேலியாவில் ராக்ஸ்பி டவுன்ஸ் பக்கத்தில் நடக்கும் வேலை. வேலி போட்டுப் பூனை, நரி, முயல் எல்லாவற்றையும் அகற்றிப் பில்பியை வளர்த்தார்கள், பெருகியது. ஆனால் எத்தனை காலம் வேலிக்குள்ளேயே வைத்திருப்பது? அதனால் வேலிக்குள் ஒரு பகுதியில் வேண்டுமென்றே சில பூனைகளை விட்டார்கள், பில்பியை அழிக்காத அளவுக்கு, ஆனால் பூனை என்றால் என்னவென்று தெரிந்துகொள்ளும் அளவுக்கு. இரண்டு ஆண்டுகள் கழித்து அந்தப் பில்பிகளையும், பூனையையே பார்க்காத பில்பிகளையும் சேர்த்துப் பூனைகள் அதிகமுள்ள இடத்துக்கு மாற்றினார்கள். பூனையோடு இருந்து பழகியவை எச்சரிக்கையாக நடந்துகொண்டன, அதிகமாகப் பிழைத்தன.